தடை போட்டால் போர் நிற்குமா?



வானொலிச் செய்தியில் அடிக்கடி ஒரு சொல் வருகிறது. ‘பொருளாதாரத் தடை’ என்பது அது. இன்ன நாடு மீது இன்ன நாடுகள் தடை விதித்தன. எண்ணெய் வாங்கமாட்டோம் என்றன. இயந்திரம் விற்கமாட்டோம் என்றன. வங்கியில் இருந்த பணத்தை முடக்கின. இப்படியெல்லாம் கேட்கிறோம். கேட்டுவிட்டு, “இது பெரிய அரசாங்கங்களின் விவகாரம், நமக்கு என்ன?” என்று அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுகிறோம்.

ஆனால் இந்தப் பொருளாதாரத் தடை ஒரு சமயம் நமது பால்வாளிக்குள்ளேயே வந்து விழுந்தது. நம் பெரியவர்கள் விடியற்காலையில் வெட்டி, மங்கில் சேர்த்து, ஸ்டோருக்குச் சுமந்து கொடுத்த கித்தாப் பாலே அந்தத் தடைக்கு உள்ளான பொருள். அந்தக் கதையைத்தான் இன்று உங்களோடு பேச விரும்புகிறேன். அதைத் தெரிந்துகொண்டால், தடைகளால் உலகில் சமாதானத்தைக் காக்க முடியுமா என்ற பெரிய கேள்விக்கும் ஓரளவு விடை கிடைக்கும்.

முதலில், தடை என்றால் என்ன? ஒரு நாடு மற்றொரு நாட்டின் மீது படையெடுக்கிறது. அதைத் தடுக்க மற்ற நாடுகளும் படை அனுப்பினால் போர் பெரிதாகும். சும்மா இருந்தாலோ, செய்தவனுக்குத் துணிச்சல் வந்துவிடும். இந்த இரண்டுக்கும் நடுவே ஒரு வழி உண்டு. “உன்னோடு கொடுக்கல் வாங்கல் இல்லை” என்று சொல்லிவிடுவது. பொருள் விற்பதில்லை, வாங்குவதில்லை, கடன் கொடுப்பதில்லை, கப்பல் விடுவதில்லை. நெருக்கம் தாங்காமல் அவன் வழிக்கு வருவான் என்பது எதிர்பார்ப்பு. ஐக்கிய நாட்டுச் சபையின் சாசனத்தில் 41-ஆவது பிரிவு இதற்கு இடம் தருகிறது. படை பலத்தைப் பயன்படுத்துவதற்கு முன்னால் இப்படிப்பட்ட வழிகளைக் கையாளலாம் என்று அது சொல்கிறது.

தோட்டத்தில் பிறந்து வளர்ந்த நமக்கு இது புதிய தத்துவம் அல்ல. 1941-ஆம் ஆண்டில் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் நம் தொழிலாளர்கள் பெரும் வேலைநிறுத்தம் செய்தார்கள். சீனத் தொழிலாளருக்குச் சமமான கூலி வேண்டும், துரையைக் கண்டால் சைக்கிளைவிட்டு இறங்க வேண்டும் என்ற வழக்கம் ஒழிய வேண்டும், கள்ளுக்கடைகளை மூட வேண்டும் என்பன அவர்கள் கோரிக்கைகளுள் சில. அவர்கள் கையில் ஆயுதம் இல்லை. உழைப்பை நிறுத்தியது ஒன்றுதான் அவர்கள் செய்தது. அரசாங்கம் பட்டாளத்தை அனுப்பியது; துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் உயிரிழந்தனர்; போராட்டத்தை முன்நின்று நடத்திய ஆர். எச். நாதன் கைது செய்யப்பட்டு நாடு கடத்தப்பட்டார். இருந்தாலும் அந்த நாள்களில் ஒரு பாடம் எல்லாருக்கும் விளங்கியது. பத்துத் தோட்டம் வேலையை நிறுத்தி, ஒரு தோட்டம் மட்டும் பெரட்டுக்குப் போனால், நிறுத்தியவர்களின் பிடி தளர்ந்துவிடும். நிறுத்தியவன் வீட்டு அடுப்பும் அணையும். பொருளாதாரத் தடைக்கும் இதே விதிதான். இதை மனத்தில் வைத்துக்கொண்டு மேலே செல்வோம்.

1950-ஆம் ஆண்டு ஜூன் மாதம் 25-ஆம் தேதி கொரியாவில் போர் மூண்டது. வட கொரியப் படை தென் கொரியாவுக்குள் புகுந்தது. ஐக்கிய நாட்டுச் சபையின் கொடியின் கீழ் அமெரிக்காவும் பிரிட்டனும் மற்றும் பல நாடுகளும் தென் கொரியாவுக்குத் துணையாகப் படை அனுப்பின. அவ்வாண்டு இறுதிக்குள் சீனப் படைகளும் வட கொரியாவின் பக்கம் போரில் இறங்கின.

போர் என்றால் லாரி வேண்டும், ஜீப் வேண்டும், விமானம் வேண்டும். இவை எல்லாவற்றுக்கும் டயர் வேண்டும். டயருக்கு ரப்பர் வேண்டும். உலக நாடுகள் போட்டி போட்டுக்கொண்டு ரப்பரை வாங்கிச் சேமித்தன. விலை எப்படி ஏறியது பாருங்கள். 1949-இல் ஒரு ராத்தல் ரப்பரின் சராசரி விலை சுமார் 38 காசு. 1951-இல் அது சுமார் 1 வெள்ளி 70 காசு. ஏறக்குறைய நாலரை மடங்கு! தோட்டக்காரர்களுக்கும் அரசாங்கக் கஜானாவுக்கும் பணம் கொட்டியது. அக்காலத்தில் தோட்டக்கூலி ரப்பர் விலையை ஒட்டி ஏறி இறங்கும் ஏற்பாடு வந்திருந்தது. ஆகவே நம்மவர் வீட்டிலும் கொஞ்சம் காசு புழங்கியது.

அந்தக் காலத்தில் உள்நாட்டு ரப்பர் வெளிநாடு போகும் முக்கிய வாசல்களுள் ஒன்று போர்ட் சுவெட்டன்ஹாம். 1901-இல் திறக்கப்பட்ட அந்தத் துறைமுகத்துக்கு 1972-இல் போர்ட் கிள்ளான் என்று பெயர் மாற்றினார்கள். தோட்டத்தில் புகைபோட்டுக் காயவைத்த ஷீட்டுகள் மூட்டை மூட்டையாக ரயிலேறித் துறைமுகத்துக்குப் போகும். பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குடியிருப்புகளில் வாழ்ந்த நம் மக்களுக்குச் சரக்கு வண்டியின் சத்தம் பழகிப்போன ஒன்று. பால் வெட்டியவரும் தமிழர், ரயில் பாதை போட்டுக் காத்தவர்களிலும் தமிழர், துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர்களிலும் தமிழர்.

1951-ஆம் ஆண்டு மே மாதம் 18-ஆம் தேதி ஐக்கிய நாட்டுப் பொதுச் சபை ஒரு தீர்மானம் நிறைவேற்றியது. சீனாவுக்கும் வட கொரியாவுக்கும் ஆயுதம், பெட்ரோலியம், போருக்குப் பயன்படும் போக்குவரத்துப் பொருள்கள் முதலியவற்றை அனுப்பக்கூடாது என்று உறுப்பு நாடுகளுக்கு அது பரிந்துரை செய்தது. மலாயாவை ஆண்ட பிரிட்டன் ரப்பரையும் இத்தகைய பொருளாகக் கருதி, அதே மே மாதத்தில் சீனாவுக்குப் போவதை நிறுத்தியது. மலாயா அப்போது சுதந்திரம் பெறவில்லை. மலாயா மக்களின் சம்மதத்தைக் கேட்க வேண்டிய தேவையும் லண்டனுக்கு இருக்கவில்லை.

அதே ஆண்டில் தோட்டத்து வாசலில் இன்னொரு தடையும் இருந்தது. அது அவசரகாலம். காட்டிலிருந்த கம்யூனிஸ்டுகளுக்கு உணவு போய்ச் சேரக்கூடாது என்பதற்காக அரிசிக்கும் மற்ற உணவுப் பொருள்களுக்கும் கடும் கட்டுப்பாடு வந்தது. பல தோட்டங்களில் லயங்களை ஒன்றுசேர்த்து முள்வேலி போட்டார்கள். வேலைக்குப் போகிறவர் சோறு கட்டிக்கொண்டு போகக்கூடாது. வாசலில் சோதனை நடக்கும். அதிகாலை முதல் பால் வெட்டிவிட்டு, வெறும் வயிற்றோடு திரும்பி வந்து சாப்பிட வேண்டும். யாரோ ஒருவரைப் பட்டினி போடுவதற்காக விதித்த தடையில், இடையில் நின்ற தொழிலாளியின் வயிறும் காய்ந்தது. தடை என்ற ஆயுதத்துக்கு இந்தக் குணம் உண்டு. குறி ஒருவன், அடி படுகிறவன் பலசமயம் வேறொருவன்.

சரி, ரப்பர் தடையால் என்ன ஆயிற்று? இதற்கு விடை காண நாம் இலங்கைக்குப் போக வேண்டும்.

இலங்கையிலும் ரப்பர் உண்டு. அங்கேயும் தோட்டங்களில் உழைத்தவர்களில் நம் இனத்தவர் பலர். கொரியப் போரின் முதல் வேகம் தணிந்ததும் ரப்பர் விலை சரியத் தொடங்கியது. அதே வேளையில் அரிசிக்குத் தட்டுப்பாடு. உலகச் சந்தையில் அரிசி விலை ஏறிக்கொண்டு போனது. விற்கும் பொருளுக்கு விலை இல்லை, வாங்கும் பொருளுக்கோ கொள்ளை விலை. இலங்கை என்ன செய்யும்? அப்போது இலங்கை ஐக்கிய நாட்டுச் சபையில் உறுப்பு நாடாகவே இல்லை. 1955 டிசம்பரில்தான் அது சேர்ந்தது. எனவே அந்தத் தீர்மானம் தன்னைக் கட்டுப்படுத்தாது என்று இலங்கை கருதியது.

1952 டிசம்பரில் இலங்கையும் சீனாவும் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டன. வணிக அமைச்சர் ஆர். ஜி. சேனநாயக்கா இதற்கு முன்நின்றார். ஐந்து ஆண்டுகளுக்கு, ஆண்டுதோறும் இலங்கை 50,000 டன் ரப்பர் கொடுக்கும். சீனா 2,70,000 டன் அரிசி கொடுக்கும். ரப்பருக்குச் சந்தை விலையைவிட அதிகமாகவே தருவதற்குச் சீனா இசைந்தது. அமெரிக்காவுக்குக் கோபம் வந்தது. இலங்கைக்குக் கிடைக்கவேண்டிய அமெரிக்கப் பொருளாதார உதவி சில ஆண்டுகள் கிடைக்காமல் போயிற்று. ஆனாலும் இலங்கை பின்வாங்கவில்லை. அந்த ஒப்பந்தம் பின்னரும் பல தடவை புதுப்பிக்கப்பட்டது.

இப்போது கணக்குப் போட்டுப் பாருங்கள். மலாயாவின் கதவு மூடியிருக்கிறது, இலங்கையின் கதவு திறந்திருக்கிறது. சீனாவுக்கு ரப்பர் கிடைக்கத்தான் செய்தது. கொஞ்சம் கூடுதல் விலை கொடுக்க வேண்டியிருந்தது, அவ்வளவே. இதற்காக இலங்கையைக் குறை சொல்வதா? பசித்த வயிற்றுக்கு அரிசி தேடிய சின்ன நாட்டைக் குறை சொல்வது எளிது. ஆனால், “நீ ரப்பரை விற்காதே, உனக்கு வரும் நஷ்டத்தை நாங்கள் எல்லாரும் பங்கிட்டுக்கொள்கிறோம்” என்று சொல்ல யாரும் வரவில்லை. நஷ்டத்தைப் பங்கிடாத ஒற்றுமை நீண்ட நாள் நிற்பதில்லை.

சீனா இன்னொரு காரியமும் செய்தது. ஹைனான் தீவிலும் யுன்னான் மாநிலத்திலும் அரசாங்கப் பண்ணைகள் அமைத்துத் தானே ரப்பர் மரம் நடத் தொடங்கியது. அங்கே ரப்பர் வளராது, குளிர் தாங்காது என்று பலர் எண்ணியிருந்தார்கள். தேவை வந்ததும் வழி பிறந்தது.

கொரியப் போர் 1953 ஜூலை 27-ஆம் தேதி போர் நிறுத்த உடன்பாட்டோடு ஓய்ந்தது. ரப்பர் தடைதான் அதை நிறுத்தியது என்று சொல்ல முடியாது. இரு தரப்பும் களத்தில் முன்னேற முடியாமல் நின்றதும், பெரும் உயிர்ச்சேதமும், நீண்ட பேச்சுவார்த்தையும், 1953 மார்ச்சில் ஸ்டாலின் இறந்தபின் சோவியத் நாட்டின் போக்கு மாறியதும் முக்கியக் காரணங்கள். போர் ஓய்ந்த பிறகும் மலாயாவின் ரப்பர் தடை உடனே நீங்கவில்லை. 1956-இல்தான் அது விலக்கப்பட்டது.

இதற்கிடையில் நம் நிலைமை என்ன? 1953-இல் ரப்பரின் சராசரி விலை சுமார் 67 காசு. இரண்டே ஆண்டில் பாதிக்கும் கீழே! இந்த வீழ்ச்சிக்கு முழுக் காரணமும் சீனத் தடை என்று கூறுவது நியாயமாகாது. அமெரிக்கா அவசர அவசரமாகச் சேமித்து முடித்ததும், செயற்கை ரப்பரின் போட்டியும் பெரிய காரணங்கள். ஆனால் வாங்க வந்த ஒரு பெரிய வாடிக்கைக்காரனுக்குக் கதவை மூடியது, விற்பவனுக்கு உதவியாகவும் இருந்திருக்க முடியாது. விலை இறங்கியபோது கூலியும் இறங்கியது. லண்டனில் எடுத்த முடிவின் பலனில் ஒரு பங்கு லயத்து அடுப்படி வரை வந்தது. சிதறிக் கிடந்த சங்கங்கள் 1954-இல் ஒன்றுகூடித் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கமாக ஆனபோது, உலக விலையின் ஆட்டத்திலிருந்து தொழிலாளியின் கூலியைக் காப்பது எப்படி என்பது பெரிய கேள்வியாக இருந்தது. அதற்கான காரணத்தை இப்போது நீங்களே உணரலாம்.

நேயர்களே, இதற்கு முந்திய இரண்டு சம்பவங்களையும் சொல்ல வேண்டும்.

1935 அக்டோபரில் இத்தாலி, அபிசீனியா என்று அப்போது அழைக்கப்பட்ட எத்தியோப்பியாவின் மீது படையெடுத்தது. அந்தக் காலத்து உலக அமைப்பான சர்வதேச சங்கம் இத்தாலி மீது தடை விதித்தது. அந்தப் பட்டியலிலும் ரப்பர் இருந்தது, ஈயம் இருந்தது. ஆனால் பெட்ரோலியம் இல்லை! டாங்கியும் லாரியும் ஓட எது உயிரோ, அதை விட்டுவிட்டார்கள். இத்தாலியைப் பகைத்துக்கொள்ள பிரிட்டனும் பிரான்சும் தயங்கின. 1936 மே மாதத்தில் எத்தியோப்பியாவின் தலைநகர் விழுந்தது. ஜூலையில் தடையும் எடுக்கப்பட்டது. அரை மனத்தோடு போட்ட தடை வேலி அல்ல. வேலி மாதிரி வரைந்த கோடு.

இரண்டாவது சம்பவம் நம் குடும்பங்களை நேராகத் தொட்டது. ஜப்பான் 1937 முதல் சீனாவில் போர் நடத்திக்கொண்டிருந்தது. 1941 ஜூலையில் அது தென் இந்தோசீனாவுக்குள்ளும் படையை நிறுத்தியது. உடனே அமெரிக்கா ஜப்பானின் சொத்துகளை முடக்கியது. எண்ணெய் வருவது நின்றது. பிரிட்டனும் டச்சு அரசும் அவ்வாறே செய்தன. ஜப்பான் தனக்கு வேண்டிய எண்ணெயில் பெரும்பகுதியை அமெரிக்காவிடம்தான் வாங்கி வந்தது. இந்தத் தடை மிகக் கடுமையானது, ஓட்டை இல்லாதது. ஜப்பான் பணிந்ததா? இல்லை. கையிருப்பு எண்ணெய் தீர்வதற்குள் தென்கிழக்கு ஆசியாவின் எண்ணெயையும் ரப்பரையும் பறித்துக்கொள்ளத் துணிந்தது. 1941 டிசம்பர் 8-ஆம் தேதி கோத்தா பாருவில் கரையேறியது. 1942 ஜனவரி 11-இல் கோலாலம்பூர் வீழ்ந்தது.

அதன்பின் நடந்ததை நம் வீட்டுப் பெரியவர்கள் கண்ணீரோடு சொல்லியிருப்பார்கள். சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட, மலாயாத் தோட்டங்களிலிருந்து நம் மக்களை ஆயிரம் ஆயிரமாகக் கொண்டுபோனார்கள். காலராவிலும் மலேரியாவிலும் பட்டினியிலும் அடி உதையிலும் மாண்டவர்கள் கணக்கில் அடங்காதவர்கள். இந்தக் கொடுமைக்குப் பொறுப்பு படையெடுத்தவர்களையே சாரும். தடை போட்டவர்களை அல்ல. ஆனால் ஒரு பாடம் உண்டு. பாம்பின் வழியை அடைக்கிறவன், அது திரும்பிப் பாய்ந்தால் பக்கத்தில் நிற்கும் குழந்தையைக் காக்க என்ன ஏற்பாடு செய்திருக்கிறான் என்பதையும் யோசிக்க வேண்டும். மலாயாவைக் காக்கும் ஏற்பாடு போதுமானதாக இருக்கவில்லை. மலாய் மொழியில் ஒரு பழமொழி உண்டு: யானையும் யானையும் மோதினால் நடுவில் சாவது சருகுமான்.

அப்படியானால் தடையால் பயனே இல்லையா? அவசரப்பட்டு அந்த முடிவுக்கு வந்துவிடக்கூடாது. தென்னாப்பிரிக்காவைப் பாருங்கள்.

1860 முதல் நேட்டால் கரும்புத் தோட்டங்களுக்கு நம் தமிழ் மக்கள் ஒப்பந்தக் கூலிகளாகச் சென்றார்கள். அங்கே நிறவெறி ஆட்சி கறுப்பு மக்களையும் இந்தியர்களையும் மிதித்து நடத்தியது. 1946-இல் இந்தியா தென்னாப்பிரிக்காவோடு வாணிபத்தை நிறுத்தியது. 1960 மார்ச்சில் ஷார்ப்வில் என்ற இடத்தில் போலீஸ் சுட்டதில் 69 பேர் இறந்தனர். அவ்வாண்டு லண்டனில் நடந்த காமன்வெல்த் பிரதமர்கள் மாநாட்டில் நம் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான் இந்த அநியாயத்தை எடுத்துப் பேசினார். மலாயா தென்னாப்பிரிக்கப் பொருள்களைப் புறக்கணித்தது. 1961-இல் தென்னாப்பிரிக்கா காமன்வெல்த்திலிருந்து வெளியேறியது. 1977-இல் பாதுகாப்பு மன்றம் ஆயுதத் தடையைக் கட்டாயமாக்கியது. 1985-இல் மேல்நாட்டு வங்கிகள் கடனை நீட்டிக்க மறுத்தன. 1986-இல் அமெரிக்காவும் சட்டம் செய்து தடை போட்டது. 1990 பிப்ரவரியில் நெல்சன் மண்டேலா விடுதலையானார். 1994-இல் எல்லா இனத்தவரும் வாக்களித்த தேர்தல் நடந்தது.

இதைத் தடை மட்டும் சாதித்ததா? இல்லை. நாட்டுக்குள்ளே மக்கள் சிறை சென்று, உயிர் கொடுத்துப் போராடினார்கள். வெளியிலிருந்து வந்த தடை அவர்கள் கைக்கு ஊன்றுகோலாக இருந்தது. அதுவும் ஒரு நாளில் அல்ல. இந்தியாவின் தடையிலிருந்து கணக்கிட்டால் 48 ஆண்டுகள்.

இதற்கு நேர்மாறானது ஈராக். 1990 ஆகஸ்டில் ஈராக் குவைத்தைக் கைப்பற்றியது. பாதுகாப்பு மன்றம் ஏறக்குறைய முழுத் தடை விதித்தது. ஆயினும் ஈராக் தானாக வெளியேறவில்லை. 1991-இல் போர் செய்துதான் குவைத்தை மீட்டார்கள். அதன்பின்னும் தடை 2003 வரை நீடித்தது. அரண்மனையில் இருந்தவர்களுக்குக் குறையில்லை. மருந்தும் உணவும் கிடைக்காமல் தவித்தவர்கள் சாதாரண மக்கள். எண்ணெய் விற்று உணவு வாங்கிக்கொள்ள 1996 இறுதியில் ஏற்பாடு செய்ய நேர்ந்தது. இந்த அனுபவத்துக்குப் பிறகு, முழு நாட்டையும் வதைக்காமல், தவறு செய்யும் தலைவர்களின் பணத்தையும் பயணத்தையும் ஆயுதத்தையும் மட்டும் குறிவைக்கும் தடைகளை உலகம் அதிகம் நாடத் தொடங்கியது.

அண்மைக் காலத்தையும் பார்ப்போம். 2022 பிப்ரவரியில் ரஷ்யா உக்ரேன் மீது பெரும் படையெடுப்பு நடத்தியது. ரஷ்யாவுக்கு ரத்து அதிகாரம் இருப்பதால் பாதுகாப்பு மன்றம் தடை விதிக்க இயலவில்லை. மேல்நாடுகள் தாங்களாகவே கடும் தடைகள் விதித்தன. இந்தியாவும் சீனாவும் ரஷ்ய எண்ணெயை முன்னைவிட அதிகமாக வாங்கின. ரஷ்யாவுக்குச் சிரமம் ஏற்பட்டது உண்மை. ஆனால் தடையைக் கண்டு போர் நின்றுவிடவில்லை. ஐக்கிய நாட்டுச் சபை விதிக்கும் தடையைத்தான் ஏற்போம், தனி நாடுகள் விதிப்பதை ஏற்கமாட்டோம் என்பது மலேசியா சொல்லிவரும் கொள்கை. 1951-இன் அனுபவத்தை நினைத்தால், இதன் நியாயம் நமக்கு விளங்கும்.

இருபதாம் நூற்றாண்டில் நடந்த தடைகளை ஹப்பவர், ஷாட் முதலிய ஆய்வாளர்கள் எண்ணிப் பார்த்தார்கள். ஏறக்குறைய மூன்றில் ஒன்று ஓரளவேனும் பலன் தந்தது என்றார்கள். அதுகூட மிகை என்று வாதிடும் அறிஞர்களும் உண்டு.

ஆகவே, எந்தத் தடை பலிக்கும்? நாம் பார்த்த கதைகளிலிருந்தே தொகுத்துக்கொள்ளலாம். ஊர் கூடினால்தான் தேர் நகரும். எல்லா நாடும் சேர வேண்டும். உண்மையில் வலிக்கும் பொருளை நிறுத்த வேண்டும். தடையால் நஷ்டப்படும் சின்ன நாட்டுக்கு மற்றவர்கள் கைகொடுக்க வேண்டும். கோரிக்கை தெளிவாக இருக்க வேண்டும். திருந்தினால் திரும்பி வரக் கதவு திறந்திருக்க வேண்டும். ஏழையின் சோற்றிலும் மருந்திலும் கை வைக்கக்கூடாது. இவை இல்லாத தடை, சமாதானத்தின் பெயரால் நடக்கும் இன்னொரு துன்பமாக முடியும்.

இன்று கிள்ளான் பள்ளத்தாக்கில் பழைய ரப்பர்த் தோட்டங்கள் பல வீடமைப்புப் பகுதிகளாகிவிட்டன, செம்பனையும் வந்துவிட்டது. பால்வாளி இருந்த வீட்டுப் பிள்ளைகள் தொழிற்சாலைக்கும் ஆப்பீசுக்கும் போகிறார்கள். ஆனால் உலகச் சந்தையோடு நமக்குள்ள கட்டு அறுந்துவிடவில்லை. இனிமேல் செய்தியில் ‘தடை’ என்ற சொல் வரும்போது, வீட்டில் எல்லாரும் சேர்ந்து மூன்று கேள்வி கேளுங்கள்: போட்டது யார்? எதற்காக? அதன் விலையைக் கொடுக்கப்போவது யார்? மூன்றாவது கேள்வியைக் கேட்க நமக்கு உரிமை உண்டு. ஏனென்றால் ஒருமுறை அந்த விலையில் ஒரு பங்கை நம் வீட்டிலிருந்தும் கொடுத்திருக்கிறோம்.